புகையிலை எண்ணெய் தடவிய கை

நான் ஐந்தாம் வகுப்பைத் தாண்டாதவன். அந்த ஐந்தையும் எஸ்டேட் பள்ளிக்கூடத்தில் மழை பெய்யாத நாட்களில் மட்டும் படித்தேன். மூணாறில் மழை பெய்யாத நாள் எத்தனை என்று உங்களுக்கே தெரியும். அப்பா தேயிலையில் கவாத்து வெட்டியவர். பதினேழு வயதில் நானும் கவாத்துக் கத்தியைப் பிடித்தேன். பிறகு அதை விட்டு டூரிஸ்டுகளுக்கு ஜீப் ஓட்டினேன். ஐம்பத்தைந்து வயதில், என் கூட்டாளிகள் எல்லாம் பேரப்பிள்ளையை மடியில் வைத்து வெயில் காய்ந்துகொண்டிருந்தபோது, செடியைப் பாசியில் பொதிந்து கட்டுகிற இந்தப் பாசிப்பந்துக் கொட்டகையைத் தொடங்கினேன்.

போடிமெட்டுக்குப் போகிற சாலையில், தேயிலை முடிந்து ஏலத்தோட்டம் தொடங்கும் வளைவில், கொட்டகையில் வேலை செய்கிற நீங்கள் தினமும் ஜீப்பை விட்டு இறங்குகிறீர்களே, அங்கே அன்று கூரை இல்லாத ஒரு பழைய ஏலக்காய் ஸ்டோர் மட்டும்தான் நின்றது. கூரை நான் போட்டது. ஓடையிலிருந்து குழாயை நான் தோளில் சுமந்து இழுத்தேன். பந்து தொங்குகிற கம்பிச் சட்டம் ஒவ்வொன்றையும் நானே வளைத்தேன். ஒரு ரிசார்ட் தாழ்வாரத்தில் தொங்கிய ஜப்பான் பாசிப்பந்து ஒன்றை, டூரிஸ்டு காலைச் சாப்பாடு முடித்து வருவதற்குள் நூலைப் பிரித்து உள்ளே என்ன இருக்கிறது என்று பார்த்துத்தான் இந்தத் தொழிலைக் கற்றேன். தோட்டக்காரன் கத்தினான். பிரித்ததை அங்கேயே உட்கார்ந்து திரும்பக் கட்டிக் கொடுத்தேன். பழைய கட்டைவிட என் கட்டு உருண்டையாக இருந்தது. அவனே ஒத்துக்கொண்டான்.

வேரைச் சுற்றி ஒரு பிடி மண், மண்ணைச் சுற்றிப் பாசி, பாசியைச் சுற்றி நூல். சட்டி கிடையாது, தொட்டி கிடையாது. சொல்வதற்கு இவ்வளவுதான். எஸ்டேட் செம்மண்ணில் நான் உருட்டிய முதல் நூறு பந்து காய்ந்து வெடித்து, வாசலெல்லாம் மண்ணாகக் கிடந்தது. என் மச்சினன் வந்து பார்த்துவிட்டு, "என்ன மச்சான், வரட்டி தட்டுதீயளா? சாணி வேணும்னா சொல்லுங்க, நம்ம தொழுவத்துல கெடக்கு" என்றான். ஓடைக்கரைக் களிமண்ணோடு தென்னை நார்த்தூளைக் கலந்தால் பிடிமானம் நிற்கும் என்று கண்டுபிடித்தவன் நான். யாரும் சொல்லித்தரவில்லை. கொச்சிக்கும் கோயம்புத்தூருக்கும் பெங்களூருக்கும் இன்று நம் பந்து போகிறது. அதே மச்சினன் வீட்டு வாசலில் மூன்று தொங்குகிறது. அவன் வாங்கித்தான் மாட்டினான், நான் சும்மா கொடுக்கவில்லை.

இதையெல்லாம் ஏன் சொல்கிறேன் என்றால், எனக்குப் பெருமை வேண்டிய அளவுக்குக் கிடைத்துவிட்டது. இனி நான் கேட்கப்போவது பெருமை இல்லை என்பது உங்களுக்குப் புரிய வேண்டும்.

போன வருஷம் நான் ஒதுங்கிக்கொண்டேன். என் மகள் நடத்துகிறாள், என்னைவிட நன்றாகவே நடத்துகிறாள். புதிதாக வேலைக்கு வருகிறவர்களுக்குக் கொடுக்க ஒரு சிறிய புத்தகம் அச்சடித்திருக்கிறாள். உங்கள் எல்லார் கையிலும் இருக்கும். போன வாரம்தான் எனக்கு ஒன்று வந்தது. எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன், ஆனாலும் முழுவதும் படித்துவிடுவேன். முதல் பக்கத்தில் என் பெயர், கட்டைவிரல் தடிமன் எழுத்தில், 'நிறுவனர்' என்று. சந்தோஷமாக இருந்தது. பொய் சொல்ல மாட்டேன், அந்தப் பக்கத்தை நான்கு தடவை படித்தேன்.

ஏழாம் பக்கத்துக்கு வந்தேன். 'நாம் கற்ற பாடங்கள்' என்று தலைப்பு. அதில் ஒரு வரி: 'தொழிலாளி ஒருவரின் கவனக்குறைவால் பாலக்காட்டில் ஒரு திருமண வீட்டில் பாசிப்பந்துகளிலிருந்து அட்டைப்பூச்சிகள் வெளிவந்தன.'

புத்தகத்தை மேசையில் வைத்துவிட்டு, கண்ணாடியைத் துடைத்துப் போட்டுத் திரும்பப் படித்தேன். அதே வரிதான். உடனே மகளுக்குப் போன் போட்டுக் கத்தினேன். அவள் சொன்ன பதிலை அப்புறம் சொல்கிறேன். நடந்ததை முதலில் கேளுங்கள். அந்தத் 'தொழிலாளி ஒருவர்' யார் என்று கொட்டகையில் பழைய ஆட்கள் எல்லாருக்கும் தெரியும். நாளைக்கு உங்களுக்கும் தெரிந்துவிடும். அவள் பெயர் இந்த வரியோடு ஒட்டிக்கொண்டு நிற்கக் கூடாது.

அவளை நான் மதினி என்றுதான் கூப்பிடுவேன். ரத்த உறவு இல்லை. ஒரே எஸ்டேட் லைனில் அடுத்தடுத்த வீடு. முப்பத்தைந்து வருஷம் தேயிலைக் கொழுந்து எடுத்து ரிட்டயர் ஆனவள். கொட்டகைக்கு முதலில் வந்த பெண் அவள்தான். பந்தின் அடியில் நூலை முடிச்சுப் போடாமல் சொருகி நிறுத்துகிறீர்களே, அந்தச் சொருகல் அவள் கை. அதை எனக்குச் சொல்லித் தந்தபோது, "ஜீப்பு ஸ்டியரிங்கு மாதிரி திருகாதீய கொழுந்தனாரே, பிள்ளைக்குச் சடை பின்னுத மாதிரி இழுங்க" என்றாள். மற்ற பெண்கள் சிரித்துச் சிரித்து ஒரு கூடைப் பாசியைத் தட்டிவிட்டார்கள்.

பாசியை அவள் பார்க்கும் விதமே தனி. தோட்டத்து வாய்க்கால் சுவரிலும் சில்வர் ஓக் மரத்திலும் உரித்து வந்ததைச் சாக்கில் பரப்புவாள். குனிந்து 'ஹா' என்று நீளமாக மூச்சு விடுவாள். விட்டுவிட்டு, கழுவிய வெறும் முழங்கையை ஒரு சாண் மேலே நீட்டிக்கொண்டு அசையாமல் இருப்பாள். அட்டை இருந்தால் ஆள் வாடைக்கும் மூச்சுச் சூட்டுக்கும் தலையைத் தூக்கிவிடும். கொழுந்துக் காட்டில் சோற்றுத் தூக்கைத் திறப்பதற்கு முன்னால், உட்காரப்போகிற புல்லில் பெண்கள் இப்படித்தான் ஊதிப் பார்ப்பார்களாம். நான் கவாத்துக்காரன், எனக்குத் தெரியாது.

மூன்றாம் வருஷ மழைக்கு அட்டை சொல்லி மாளாமல் வந்தது. பெண்கள் பத்து நிமிஷத்துக்கு ஒரு தடவை எழுந்து உதறிக்கொண்டே இருந்தார்கள். வேலை நடக்கவில்லை. நான் சும்மா இருப்பேனா? புகையிலையைத் தேங்காய் எண்ணெயில் காய்ச்சி, ஒரு பெரிய டப்பாவில் ஊற்றிக் கொட்டகை வாசலில் வைத்தேன். கவாத்துக்காரன் காலில் தடவுகிற எண்ணெய்தான் அது. 'கையிலும் காலிலும் தடவாமல் யாரும் உள்ளே வரக் கூடாது' என்று உத்தரவு போட்டேன். அன்றிலிருந்து ஒரு அட்டைகூட யார் மேலும் ஏறவில்லை. கொட்டகையில் அட்டையை ஒழித்தவன் என்று போகிற வருகிற ஆளிடமெல்லாம் சொல்லிக்கொண்டேன்.

மதினி மட்டும் டப்பா முன்னால் நின்று முணுமுணுத்தாள்.

"பாசி பிரிக்கிற மேசையில ஒருத்தியாவது வெறுங்கையா நிக்கட்டும் கொழுந்தனாரே."

"எதுக்கு? அட்டைக்கு விருந்து வைக்கவா?"

"அட்டை இருக்கா இல்லையான்னு அதுதான சொல்லணும்? நீங்களா சொல்லப் போறீய?"

எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஆனால் உத்தரவு உத்தரவுதான் என்றேன். அவளும் கையை நீட்டி எண்ணெய் தடவிக்கொண்டு உள்ளே போனாள். ஊதிப் பார்ப்பது அன்றோடு நின்றது.

அந்த ஆவணியில்தான் பாலக்காட்டுக் கல்பாத்தியிலிருந்து ஆர்டர் வந்தது. தேர் ஓடுகிற தெருவில் ஒரு குடும்பம். கல்யாணப் பெண்ணுக்குப் பெங்களூரில் வேலை. பூ அலங்காரம் வேண்டாம், செடி வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தாளாம். கல்யாண மண்டபம் முழுக்கத் தலைக்கு மேலே முந்நூறு பாசிப்பந்து தொங்க வேண்டும். கல்யாணம் முடிந்ததும் வந்தவர்கள் ஆளுக்கு ஒன்று வீட்டுக்கு எடுத்துப் போக வேண்டும். அதுவரைக்கும் நான் செய்ததிலேயே பெரிய ஆர்டர். இரவு பகல் என்று பார்க்காமல் கட்டினோம். பெரணி, மணி பிளான்ட், ஸ்பைடர் செடி. வேனில் அடுக்கி, மறையூர் வழியாக இறங்கி, உடுமலை, பொள்ளாச்சி தாண்டிக் காலையில் கல்பாத்தி போய்ச் சேர்ந்தோம். புறப்படும் முன் நானும் மதினியும் வழக்கம் போலக் கை காலில் எண்ணெய் தடவிக்கொண்டோம். சோறு தின்பதற்கு முன் கை கழுவுகிற மாதிரி அது பழகிப்போயிருந்தது.

மண்டபம் காலியாக இருந்தது. ஒவ்வொரு பந்தையும் தண்ணீரில் முக்கி, குமிழி நின்றதும் எடுத்து, வடியவிட்டு, கொக்கியில் மாட்டினோம். மாட்டி முடித்ததும் நான் ஒவ்வொரு பந்துக்கும் அடியில் போய் நின்று, உள்ளங்கையால் தாங்கிப் பார்த்தேன். ஒரு தடவை இல்லை, மூன்று தடவை. ஒரு குறை இல்லை. கண்ணுக்கு எட்டிய மட்டும் பச்சை. கீழே நின்று அண்ணாந்து பார்த்தபோது, ஐந்தாவது படித்தவன் கட்டியதா இது என்று எனக்கே மலைப்பாக இருந்தது.

மாப்பிள்ளை வீட்டார் ஆறு மணிக்கு நிச்சயதார்த்தத்துக்கு வருகிறார்கள். மத்தியானச் சாப்பாடு முடிந்து இரண்டரை மணி இருக்கும். மண்டபத்தில் பெண்கள் நிறைந்துவிட்டார்கள். தாம்பூலப் பை போடுகிறவர்கள் ஒரு பக்கம், கோலம் போடுகிறவர்கள் ஒரு பக்கம். நடுவில் கல்யாணப் பெண் இரண்டு கையிலும் ஈர மருதாணியோடு, விரலை விரித்துத் தூக்கிப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நான் வாசலில் நின்று அவள் அப்பாவிடம் என் கொட்டகையின் கதையைச் சொல்லிக்கொண்டிருந்தேன்.

"ஐயோ! என்னடி இது கழுத்துல, ரத்தம்!"

கத்தியது பெண்ணின் அத்தை. ரிட்டயர்டு கணக்கு டீச்சர் என்று பிறகு தெரிந்தது. நான் ஓடிப்போய்ப் பார்த்தேன். பெண்ணின் காதுக்குக் கீழிருந்து ரவிக்கை வரைக்கும் நூல் பிடித்த மாதிரி ரத்தம். அவளுக்கு ஒன்றுமே தெரியவில்லை. "எங்கே? எங்கே அத்தை?" என்று மருதாணிக் கையைத் தூக்கியபடியே திரும்பித் திரும்பிப் பார்க்கிறாள். துடைக்க முடியவில்லை, தொட முடியவில்லை.

நான் அண்ணாந்து பார்த்தேன். அவள் தலைக்கு மேலே இருந்த பந்தின் அடியிலிருந்து நூல் பிரிந்து தொங்கியது. கறுப்பு நூல், நான்கைந்து இழை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அவ்வளவு சொல்லியும் சொருகலைச் சரியாகப் போடாமல் விட்டிருக்கிறாளே என்று மதினியைப் பார்த்துக் கத்த வாயைத் திறந்தேன்.

நூல் அசைந்தது.

காற்று இல்லை. மின்விசிறி போடவில்லை. நூல் தானாக நீண்டு, நுனியைத் தூக்கி, இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் தேடியது. பக்கத்துப் பந்தைப் பார்த்தேன், அதிலும் இரண்டு. அதற்கு அடுத்ததில் ஒன்று. கீழே இத்தனை பேர் மூச்சு விட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள், மேலே அது ஒவ்வொன்றும் தலையைத் தொங்கவிட்டுக்கொண்டு இறங்கி வருகிறது. மலையில் பிறந்து வளர்ந்தவன் நான், ஆயிரம் அட்டையை நசுக்கியிருப்பேன். ஆனாலும் அன்றைக்கு என் கை தானாகப் பின்கழுத்துக்குப் போனது. இப்போது எழுதும்போதும் பின்கழுத்தைத் தொட்டுப் பார்த்துக்கொள்கிறேன்.

மதினிதான் முதலில் அசைந்தாள். பெண்களை எல்லாம் வெளியே போகச் சொன்னாள். வெற்றிலைத் தட்டிலிருந்து சுண்ணாம்பை விரலில் எடுத்து, பெண்ணின் முடியை ஒதுக்கி, அட்டை மேல் வைத்தாள். அது சுருண்டு விழுந்தது. சுத்தமான துணியை மடித்துக் கழுத்தில் அழுத்திப் பிடித்துக்கொண்டாள்.

"வலிக்கவே இல்லையே மாமி," என்றாள் பெண்.

"அதுதாம்மா அதோட சாமர்த்தியம். ஆடாம இரு, நின்னுரும்."

"மருதாணி அழிஞ்சுடாம பாத்துக்கோடி," என்று அத்தை அழுதுகொண்டே சொன்னாள்.

பெண்ணின் அப்பா என் முன்னால் வந்து நின்றார். சாதுவான மனிதர். முகம் வெளுத்திருந்தது.

"யார் பண்ணின தப்பு இது? எனக்கு ஆள் தெரியணும். சொல்லுங்கோ."

இந்த இடத்தைத்தான் நீங்கள் கவனிக்க வேண்டும். மண் வெடித்தால் வேறு மண் கலக்கலாம், செடி பட்டுப்போனால் வேறு செடி வைக்கலாம். யார் தப்பு என்று ஒருவர் கேட்கும்போது வாயிலிருந்து முதலில் வருவதை மட்டும் திரும்ப உள்ளே போட முடியாது. நான் கையை நீட்டினேன். பெண்ணின் கழுத்தைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவளைக் காட்டினேன்.

"இவதான் சார். பாசியைப் பாக்கறது இவ பொறுப்பு. பாக்காம கட்டிருக்கா."

மதினி திரும்பவில்லை. துணியை அழுத்திய கையும் தளரவில்லை.

ரத்தம் நின்று, பெண்ணை வீட்டுக்கு அனுப்பிய பிறகு அவள் என்னை மண்டபத்துக் கொல்லைக் குழாயடிக்குக் கூப்பிட்டாள். திட்டுவாள் என்று நினைத்தேன். பதிலுக்குத் திட்டத் தயாராகவும் இருந்தேன்.

"கைய மோந்து பாருங்க," என்றாள்.

"என்ன?"

"உங்க கையத்தான். மோந்து பாருங்க."

மோந்தேன். புகையிலை நெடி.

"எங் கையும் அதேதான். கொட்டகையில அத்தனை பேரு கையும் அதேதான். இந்தக் கையி பட்டா அட்டை வெளிய வருமா, உள்ள ஓடுமா?"

அப்போதுதான் எனக்கு விளங்கியது. கட்டும்போது எங்கள் கை நெடிக்குப் பயந்து அட்டை பாசிக்குள் போய், மண்ணோடு ஒட்டிச் சுருண்டுகொண்டது. நாங்கள் சுத்தம் என்றோம். மூன்று தடவை உள்ளங்கையை வைத்துப் பார்த்தேனே, மூன்று தடவையும் நானேதான் அதை உள்ளே விரட்டினேன். பாசியில் இருந்த நெடி போய், புகையிலை தடவாத ஆட்கள் வந்து மூச்சு விட்டதும் வெளியே வந்துவிட்டது. எண்ணெய் டப்பாவை வைத்தவன் நான். ஊதிப் பார்ப்பதை நிறுத்தியவனும் நான்.

மணி மூன்றரை. மேலே முந்நூறு பந்து.

உப்புத் தண்ணீர் அடித்துவிடலாமா என்றேன். "செடி சாவும், சொட்டுறது இலையில விழும்," என்றாள். அப்படியானால் ஒவ்வொன்றாக இறக்கி ஊதிப் பார்த்து, நல்லதை மட்டும் திரும்ப மாட்டலாம் என்றேன். அவள் கையைச் சோப்புப் போட்டுத் தேய்த்தாள். தேய்த்தும் நெடி போகவில்லை. அப்போது பின்னால் அந்த அத்தை வந்து நின்றார். அழுகை நின்றிருந்தது. புடவையை இழுத்துச் செருகியிருந்தார்.

"எங்க கையில எண்ணெய் ஒண்ணும் கிடையாதாக்கும். என்ன பண்ணணும், அதைச் சொல்லுங்கோ."

மதினி செய்து காட்டினாள். அத்தை தெருப் பெண்கள் எட்டுப் பேரைக் கூப்பிட்டுக் கொல்லையில் வரிசையாக நிறுத்தினார். "வாயால ஊதப்படாது, மூச்சை விடணும், ஹா! நீ என்னடி அடுப்பு ஊதற மாதிரி ஊதற?" பட்டுப்புடவை கட்டின மாமிகள் ஆளுக்கு ஒரு பாசிப்பந்தைத் தரையில் வைத்துக்கொண்டு, குனிந்து 'ஹா' விட்டுவிட்டுப் பின்னால் குதித்தார்கள். ஒரு மாமி, "ஈஸ்வரா, தலையைத் தூக்கறது, என்னையே பாக்கறது!" என்று கத்தினாள். அவ்வளவு கலவரத்திலும் இரண்டு பேர் சிரித்துவிட்டார்கள்.

முதல் இருபதில் ஏழில் அட்டை. மீதிப் பதின்மூன்றை நல்லது என்று ஓரமாக வைத்தோம். எனக்கு உயிர் வந்தது. ஆறு மணிக்குள் இருநூறாவது தேறும் என்று கணக்குப் போட்டேன். கொக்கியை எடுத்துக்கொண்டு உள்ளே போகத் திரும்பினேன்.

"கொஞ்சம் நில்லுங்கோ," என்றார் அத்தை. விரலால் காட்டினார்.

நல்லது என்று அவரே ஊதித் தள்ளி வைத்த பந்து. அதன் மேல் ஒரு அட்டை எழுந்து நின்றுகொண்டிருந்தது.

"இது எப்படி? நான் பாத்தேனே! நன்னாப் பாத்தேனே!"

"உங்க தப்பு இல்லம்மா," என்றாள் மதினி. "சில அட்டை உடனே எந்திரிக்காது. ரத்தம் குடிச்ச அட்டை நாள்கணக்கா எந்திரிக்காது. ஊதுனா இருக்குன்னு தெரியும். இல்லைன்னு ஒரு மணி நேரத்துல தெரியாது."

அத்தை என்னைப் பார்த்தார். மதினியும் பார்த்தாள். அந்த முந்நூறும் முந்நூறு வீட்டுக்குப் போகப்போகிறவை. குழந்தைகள் தூங்குகிற அறையில் தொங்கப்போகிறவை.

எல்லாவற்றையும் இறக்கச் சொன்னேன். ஒன்று விடாமல். அந்த முடிவு என்னுடையது. அதை எந்தச் சபையிலும் சொல்வேன். நான் ஏணி மேல் நின்று ஒரு மணி நேரத்தில் முந்நூறையும் இறக்கினேன். மதினி கீழே நின்று சாக்கில் வாங்கி வேனில் ஏற்றினாள். அந்தத் தெருவும் சும்மா இருக்கவில்லை. ஒவ்வொரு வீட்டிலிருந்தும் மாவிலையும் குருத்தோலையும் குத்துவிளக்கும் வந்தன. மாப்பிள்ளை வீட்டார் வந்தபோது மண்டபம் எப்போதும் இருக்கிற கல்யாண மண்டபமாக இருந்தது. பெண் மல்லிகையைக் கழுத்தோரம் தழைய வைத்துக்கொண்டு நின்றாள். வந்தவர்களுக்கு ஒன்றும் தெரியவில்லை.

கிளம்பும்போது பெண்ணின் அப்பா, "எழுத்துல ஒரு விளக்கம் அனுப்பிடுங்கோ. நாளைக்கு யாராவது கேட்டா நான் காட்டணும்," என்றார்.

மறுநாள் கொட்டகையில் என் மகள் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்தாள். என்ன நடந்தது என்று அவளுக்கு முழுதாகத் தெரியாது. நான் சொல்லச் சொல்ல அடித்தாள். என் தப்பு என்று போட்டால் கொட்டகை மூடிவிடும் என்று நினைத்தேன். பத்து வாக்கியம் சொன்னேன். அதில் ஒன்று: 'தொழிலாளி ஒருவரின் கவனக்குறைவால்.' மகள் அதை உரக்கப் படித்துக் காட்டி, "சரியாப்பா?" என்றாள். அடுத்த மேசையில் மதினி நூல் சுற்றிக்கொண்டிருந்தாள். நான் சரி என்றேன். நூலை வெட்டுகிற கத்திரிச் சத்தம் கேட்டது. அவ்வளவுதான்.

அவள் மறுநாள் வர மாட்டாள் என்று நினைத்தேன். வந்தாள். வாசலில் இருந்த எண்ணெய் டப்பாவைத் தூக்கி ஏலத்தோட்டத்துப் பக்கம் கொண்டுபோய்க் கொட்டினாள். அந்த இடத்தில் ஒரு சோப்பை வைத்தாள். வெறுங்கையோடு மேசைக்குப் போய்ப் பாசி மேல் குனிந்து மூச்சு விட்டாள். நானும் போய்ச் சோப்புப் போட்டுக் கை கழுவினேன். அன்றிலிருந்துதான் பாசியை வலைக்கூண்டில் வைத்து, பத்து நாளில் மூன்று தடவை ஊதிப் பார்த்த பிறகு கட்டுகிற வழக்கம். நீங்கள் தினமும் நிற்கிற 'ஊதும் மேசை' அதுதான். புத்தகத்தில் அதை 'நமது நிறுவனத்தின் சொந்த முறை' என்று போட்டிருக்கிறது. இன்னும் இரண்டு வருஷம் வேலை செய்தாள். கண் மங்கியதும் போடியில் மகன் வீட்டுக்குப் போனாள்.

இப்போது மகள் போனில் சொன்ன பதிலைச் சொல்கிறேன். "யாரு எழுதுனது இதை? எந்தப் பய எழுதுனான்?" என்று கத்தினேன். அவள் நிதானமாகச் சொன்னாள்.

"நீங்க சொன்னதுதாம்ப்பா. கல்பாத்திக்கு அனுப்புன லெட்டர் இன்னும் பைல்ல இருக்கு. அதைப் பாத்துத்தான் எழுதுனேன். ஒரு வார்த்தை மாத்தல. ஏன், அது சரியில்லையா?"

அட்டை கடித்தால் வலிக்காது என்று மதினி சொன்னாளே. இத்தனை வருஷம் கழித்துத்தான் எனக்கு ரத்தம் தெரிந்தது.

அன்றே மதினிக்குப் போன் செய்தேன். புத்தகத்தில் வந்திருப்பதை மறைக்காமல் படித்துக் காட்டினேன்.

"அந்த லெட்டரை இன்னுமா வச்சிருக்கீய?" என்றாள்.

"மாத்தி அடிக்கச் சொல்லுதேன் மதினி. ஊதிப் பாக்கற முறை உங்களோடதுன்னு உங்க பேரைப் போடச் சொல்லுதேன்."

"எம் பேரு எதுக்கு? ஊதுனதுக்கெல்லாமா பேரு போடுவாவ? மலையில கொழுந்தெடுத்த அத்தனை பொம்பளையும் ஊதுனவதான். தப்பு செஞ்சது யாருன்னு மட்டும் போடுங்க கொழுந்தனாரே. அது ஒரே ஆளுதான்."

அதனால்தான் இதில் அவள் பெயர் இல்லை. அவள் சொன்னபடி நடக்கிறேன்.

கொட்டகையில் வேலை செய்கிற உங்களுக்கும், நடத்துகிற என் மகளுக்கும் சேர்த்தே சொல்கிறேன். ஏழாம் பக்கத்தைக் கிழித்துப் புதிதாக அச்சடிக்க வேண்டும். ஊதிப் பார்ப்பது மலையில் கொழுந்தெடுத்த பெண்களுடைய முறை என்று அதில் வர வேண்டும். 'தொழிலாளி ஒருவர்' என்று இருக்கும் இடத்தில் என் பெயர் வர வேண்டும். முழுப் பெயர், இனிஷியலோடு. முதல் பக்கத்தில் எந்த அளவு எழுத்தில் போட்டீர்களோ அதே அளவில், இம்மியும் குறையக் கூடாது. எண்ணெய் டப்பாவை வாசலில் வைத்தவன் நான், முந்நூறு பந்தையும் இறக்கியவனும் நான். இரண்டையும் போடுங்கள். இடம் போதாது என்றால் இரண்டாவதை எடுத்துவிடுங்கள்.